மூன்றாம் மாடியில் ஒரு பெட்டி

பாட்டு வீடியோக்களில் எஸ்தர் பெரிதாக ஒன்றும் செய்வதில்லை. ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பாள். காய்ந்த துணியை எடுத்து மடிப்பாள். பார்ப்பவர்கள் அழுதுவிடுவார்கள். முப்பத்திரண்டு வயதுக்குள் அப்படி ஒரு பெயர் எடுத்திருந்தாள்.

ஐம்பத்தொரு வயதுப் பூவலிங்கம் அவளிடம் கற்றுக்கொள்ள வந்தார். பதினாறு வருடம் சீரியல்களில் அழுத அப்பா அவர். கடைசி சீரியல் முடிந்தபின் யாரும் கூப்பிடவில்லை. வேறு வேலை பார்க்கச் சொன்னார்கள் வீட்டில். நடிப்பை விடமாட்டேன் என்று சொல்லிவிட்டார். தன்னைவிடச் சின்னவள் என்று பார்க்காமல் அவளை டீச்சர் என்றே அழைத்தார். அவள் அவரை அண்ணே என்றாள்.

எட்டு மாதம் கழித்து, தான் நடிக்கும் பாட்டு ஒன்றில் அவருக்கு அப்பா வேடம் வாங்கிக் கொடுத்தாள். மகள் வெளிநாடு கிளம்புகிறாள். அவளுடைய அட்டைப்பெட்டியை அப்பா கயிறு போட்டுக் கட்டுகிறார். அவ்வளவுதான் காட்சி. மூன்றாம் மாடியில் ஒரு வீட்டில் படப்பிடிப்பு.

முதல் டேக்கில் பூவலிங்கத்துக்குக் கண் கலங்கியது. அடுத்ததில் உதடு துடித்தது. ஆறாவதில் கயிற்றை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். மதியத்துக்குள் வேறு ஆளைப் பார்த்துவிடலாம் என்று இயக்குநர் எஸ்தரிடம் சொன்னது அவர் காதில் விழுந்தது. அவரே போய் இன்னும் ஒரே ஒரு டேக் கேட்டார். இயக்குநர் அரைமனதாகத் தலையசைத்தார்.

"எவ்வளவு அடக்கினாலும் அழுகை வருது டீச்சர். எப்படி நிறுத்துறது?"

எஸ்தர் பெட்டிக்குள் அடைத்திருந்த பழைய செய்தித்தாள்களை வெளியே கொட்டினாள். அந்த வீட்டு அடுப்படியிலிருந்து எண்ணெய் மிதக்கும் ஊறுகாய் பாட்டிலைக் கேட்டு வாங்கி உள்ளே வைத்தாள். மூடி சரியாக இறுகவில்லை. பக்கத்தில் ஒரு வெள்ளைப் பட்டுச் சேலையை வைத்தாள். அவள் அம்மாவின் கல்யாணச் சேலை. கடைசிக் காட்சியில் கட்டுவதற்காகக் கொண்டுவந்திருந்தாள்.

"நீங்க கட்டினதும் பெட்டி ஆட்டோல ஒரு சுத்து போய்ட்டு வரும்ணே. ரோடு முழுக்கத் தோண்டிப் போட்டிருக்காங்க."

கேமரா ஓடியது. பூவலிங்கம் மூடியைத் திருகிப் பார்த்தார். பாட்டிலைச் செய்தித்தாளில் சுற்றினார். சேலையைத் தள்ளிவைத்து, நடுவே தாள்களைத் திணித்தார். கயிறு போட்டுக் கட்டி, பெட்டியை லேசாக ஆட்டிப் பார்த்தார். திருப்தியில்லை. மொத்தத்தையும் அவிழ்த்து, குறுக்கும் நெடுக்குமாக மறுபடி கட்டினார். முழங்காலை ஊன்றி முடிச்சை இழுத்தார். பிறகு யாரையும் நம்பாமல் தானே தூக்கிக்கொண்டு படியிறங்கிப் போனார்.

அவர் திரும்பி மேலே வந்தபோது ஒளிப்பதிவு செய்த பெண் முழங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். இயக்குநர் இன்னொரு டேக் வேண்டாம் என்றார்.

பூவலிங்கத்துக்குச் சந்தோஷத்தைவிடக் குழப்பமே அதிகமாக இருந்தது. எஸ்தரிடம் போய் நின்றார்.

"நான் மகளை நினைக்கவே இல்லையே டீச்சர். பாட்டில் சாயக்கூடாதுன்னு மட்டும்தானே நினைச்சேன்."

"அந்த அப்பாவும் அதைத்தாண்ணே நினைச்சிருப்பாரு" என்றாள் எஸ்தர்.