ஏர் பிடித்த சாமி

வெகு காலத்துக்கு முன்னே மருதஞ்சீமையை நெடுவேலன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான், ஆனால் காலையில் ஒரு புத்தி, மத்தியானம் ஒரு புத்தி. வேடிக்கை பார்ப்பதில் மட்டும் எந்நேரமும் ஒரே புத்தி, முதல் ஆளாகப் போய் நிற்பான்.

அந்தச் சீமையில் கதிர்காத்தநாதர் கோயில் வயலைக் குத்தகைக்கு உழுதவள் வீராயி. கோயில் பங்கை அளந்துவிட்டுத்தான் தன் பங்கைத் தொடுவாள். அவள் புருஷன் கண்ணை மூடினான், கருமாதிப் பந்தலைக்கூடப் பிரிக்கவில்லை, அதற்குள் தர்மகர்த்தா ஆபத்சகாயம் ஆள் அனுப்பிவிட்டார்: "குத்தகை உன் புருஷனோடு போச்சு. நிலத்தை விட்டு இறங்கு!"

பேர்தான் ஆபத்சகாயம். அடுத்தவருக்கு ஆபத்து வந்தால் அதில் தனக்கென்ன சகாயம் என்று பார்க்கிற ஆள். வயலை மைத்துனனுக்குக் கொடுக்கவேண்டும், அவ்வளவுதான் விஷயம்.

நாற்றங்காலில் நாற்று பச்சைப்பசேலென்று நிற்கிறது. அதை விட்டால் பிழைக்க வேறு வழியில்லை. வீராயி நேரே ராஜசபைக்கு நடந்தாள்.

"மகாராஜா, புருஷன் செத்தா என் கையுமா செத்துப்போச்சு? அவர் இருந்தப்பவும் நட்டது நான், களை பறிச்சது நான். இப்ப இறங்குன்னா எங்கே போவேன்?"

ஆபத்சகாயம் அங்கவஸ்திரத்தை உதறிக்கொண்டு எழுந்தார். "அரசே! தங்கள் பாட்டனார் போட்ட சட்டம் இருக்கிறது. நிலத்துக்காரர் தாமே உழுது பயிரிடக் கேட்டால், குத்தகைக்காரர் விட்டுவிட வேண்டும். நிலத்துக்காரர் யார்? சுவாமி! இனி தாமே பயிரிடத் திருவுளம் கொண்டுவிட்டார்."

"சாமி உழுமா?" ராஜாவுக்குக் கண் விரிந்தது.

"நான்தான் இருக்கிறேனே! சுவாமிக்கு நானே கை, நானே கால், நானே வாய். நான் உழுதால் சுவாமி உழுத மாதிரி!" சொல்லிவிட்டு மந்திரி திருமேனியாரை ஓரக்கண்ணால் பார்த்தார். மந்திரி ஆசனத்தின் மேல் ஆபத்சகாயத்துக்கு நெடுநாளாக ஒரு கண்.

"தர்மகர்த்தா சொல்வது ரொம்பச் சரி" என்றார் மந்திரி.

வீராயிக்குப் பகீரென்றது. 'அடப்பாவி மனுஷா, நீயும் அந்தப் பக்கம் சாய்ஞ்சுட்டியா!' என்று மனசுக்குள் திட்டித் தீர்த்தாள்.

மந்திரி தொடர்ந்தார்: "ஆனால் கூலிக்கு ஆள் வைத்து உழுதால் அது 'தாமே' ஆகாது. நாளைக்குக் காலையில் தர்மகர்த்தாவே ஏர் பிடிக்கட்டும், வயல் முழுவதும். சுவாமி வெளியே எழுந்தருளினால் என்னென்ன மரியாதை உண்டோ, அத்தனையும் அவருக்கு நடக்கட்டும். அம்மா, மாடு மட்டும் நீ கொடு."

மரியாதை என்றதும் ஆபத்சகாயத்துக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. சரியென்று தலையாட்டிவிட்டார்.

மறுநாள் ஊரே வரப்பில் கூடியது. பட்டு வேட்டியோடு ஆபத்சகாயம் சேற்றில் இறங்கினார். தலைக்கு மேலே வெண்குடை. பின்னால் நாகஸ்வரம், தவில். சாமரம் வீசுகிறவனிடமிருந்து சாமரத்தைப் பிடுங்கிக்கொண்டு ராஜாவே வீச வந்துவிட்டான்.

வீராயியின் செவலையும் மயிலையும் அவள் நாக்கைச் சொடுக்கினால் நடக்கிற மாடுகள். தவில் சத்தத்தைக் கண்டனவா? தவிலில் ஓங்கி ஒரு அடி விழுந்ததுதான் தாமதம், வாலைத் தூக்கிக்கொண்டு பிய்த்துக்கொண்டு ஓடின. ஏரின் மேழிப் பிடியை விடாமல் ஆபத்சகாயம் ஓட, குடைக்காரன் அவர் பின்னால் ஓட, முழங்கால் சேற்றிலும் வாசிப்பை நிறுத்தாமல் நாகஸ்வரக்காரர் ஓட, ராஜா சிரித்துச் சிரித்து வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டான்.

உச்சிவேளை ஆனது. மடப்பள்ளியிலிருந்து நெய் மணக்க மணக்கச் சர்க்கரைப் பொங்கலும் புளியோதரையும் வந்தன. ஆபத்சகாயத்துக்கு உயிரே வந்தது. அவர் முன்னால் வைத்தார்கள், திரை போட்டார்கள், திரையை விலக்கினார்கள், கற்பூரம் காட்டினார்கள், அண்டாவைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

"அட, எனக்கு?"

"சுவாமி நைவேத்தியத்தைக் கண்ணால் பார்ப்பதுதானே வழக்கம்? கோயிலில் தினமும் நடத்தி வைக்கிற தங்களுக்கு நான் சொல்லவேண்டுமா?" என்றார் மந்திரி பவ்யமாக.

ஊர் சாப்பிட்டது. ராஜா சாப்பிட்டான். மைத்துனன் பொங்கலை இரண்டாம் தடவையும் கேட்டு வாங்கித் தின்றுவிட்டு விரலை நக்கினான். ஆபத்சகாயம் மறுபடி மேழியைப் பிடித்தார்.

வெயில் சாயும் நேரம். மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வந்தாள் வீராயி. கையில் தனக்கு வைத்திருந்த கஞ்சிக் கலயம், கடித்துக்கொள்ளச் சின்ன வெங்காயம். உதடு வறண்டு சேற்றுப் பொம்மையாக நின்றவரைக் கண்டதும், 'நல்லா வேணும்' என்றுதான் முதலில் தோன்றியது. பிறகு மனசு கேட்கவில்லை.

"சாமி, கஞ்சி இருக்கு. குடிக்கிறீங்களா?"

ஆபத்சகாயத்தின் கை தானாக நீண்டது. மந்திரி பாய்ந்து வந்தார். "ஐயையோ, என்னம்மா இது? வயல்காட்டுக் கஞ்சியைச் சாமிக்குக் கொடுப்பதா? அபசாரம்! மனுஷனாக இருந்தால் தாராளமாகக் குடிக்கலாம்."

ஆபத்சகாயம் மந்திரியைப் பார்த்தார். கலயத்தைப் பார்த்தார். அடுத்த கணம் அழாத குறையாகக் கத்தினார்: "மனுஷன்தான்யா நான்! கையும் இல்லை, காலும் இல்லை, வாயும் இல்லை! சாமிக்கும் எனக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை! கொடும்மா அந்தக் கலயத்தை!"

மடமடவென்று குடித்தார். வெங்காயத்தைக்கூட விடவில்லை.

"அரசே," என்றார் மந்திரி, "சுவாமிக்காக நிலம் கேட்டவர் இவர் ஒருவர்தான். இவருக்கும் சுவாமிக்கும் சம்பந்தமில்லையாம். அப்படியானால் வீராயியை இறங்கச் சொன்னது யார்?"

"ஒருத்தரும் இல்லை!" ராஜா கண்ணைத் துடைத்துக்கொண்டு தீர்ப்புச் சொன்னான். "நிலம் கோயிலுடையது. உழவு வீராயிக்கும் அவள் வம்சத்துக்கும். கோயில் பங்கை அளந்துவருகிற வரையில் அவர்களை இறங்கச் சொல்ல எவனுக்கும் வாய் கிடையாது!" தன் தோளில் கிடந்த பீதாம்பரத்தை எடுத்து மந்திரிக்குப் போர்த்தினான். "தர்மகர்த்தா, உமக்கும் ஒரு வேலை. வருஷா வருஷம் வீராயி முதல் ஏர் பூட்டுகிறபோது நீர்தான் குடை பிடிக்கவேண்டும்."

வீராயி வாய்விட்டு அழுதாள். பிறகு மாட்டைப் பார்த்து நாக்கைச் சொடுக்கினாள். கோணல்மாணலாகக் கிடந்த உழவுச் சாலெல்லாம் நேராக விழ ஆரம்பித்தது.

அன்றிலிருந்து வருஷம் தவறாமல் ஆபத்சகாயம் குடை பிடித்தார். ராஜா தவிலையும் அனுப்பிப் பார்த்தான். மாடு மிரளும் என்று வீராயி திருப்பி அனுப்பிவிட்டாள். ஆனால் ஏர் பூட்டுவதற்கு முன்னால் குடைக்காரருக்கு ஒரு கலயம் கஞ்சி கொடுக்க மட்டும் அவள் ஒரு வருஷமும் மறந்ததில்லை.