ராஜா கையில் நாணக்கல்

செங்கரடு என்றொரு சீமை. அங்கே மலையைத் தோண்டினால் நாணக்கல் கிடைக்கும். உப்புப்போல வெளுத்த கல். வெட்கப்படுகிறவர் கையில் பட்டால் செக்கச்செவேலென்று சிவந்துவிடும். திருடினவருக்குத்தானே வெட்கம் வரும் என்பது அந்த ஊர் ராஜாவின் கணக்கு.

ஒருநாள் ராணியின் மோதிரத்தைக் காணோம். பாத்திரம் தேய்க்கும் நாச்சாயியைச் சபை நடுவே நிறுத்தி, கொண்டையை அவிழ்த்து உதறச் சொன்னார் ராஜா. ஒன்றும் விழவில்லை. கல்லைக் கொடுத்தார். சிவந்தது.

“திருடி! இல்லையென்றால் கல்லை வெளுக்க வை, பார்ப்போம்.”

“எனக்கு வரலியே மகாராஜா. எப்படிப் பிடிக்கணும்னு நீங்களே ஒருதரம் காட்டுங்க.”

ராஜா வாங்கினார். கல் பளிச்சென்று வெளுத்தது. “பார்த்தாயா?” என்று சபைக்கே தூக்கிக் காட்டினார்.

“பார்த்தேன் சாமி, எல்லாருந்தான் பார்த்தாங்க. நாலு பேர் முன்னால தலையை விரிச்சுக்கிட்டு நின்னது நான். என் கையில சிவந்துச்சு. விரிக்கச் சொன்னது நீங்க. உங்க கையில வெளுத்தே கிடக்கு.”

அவள் கொண்டையை முடிந்துகொண்டு நடந்தாள். யாரும் தடுக்கவில்லை, ஒருவர் தலையும் நிமிரவில்லை. தூக்கிய கையை இறக்கக்கூடத் தோன்றாமல் உட்கார்ந்திருந்தார் ராஜா. அந்தக் கையில், எல்லாரும் பார்க்கும் உயரத்தில், கல் மெல்லச் சிவக்க ஆரம்பித்தது.