எடுக்க மறந்த சிரிப்பு

இதை நான் நேரில் பார்க்கவில்லை. நாடக மேடைக்குத் திரை கட்டும் என் மாமா சொன்னது. அவருக்குத் தேதி சரியாக நினைவில்லை. மற்றதெல்லாம் அவர் கண்முன் நடந்தது.

"வாத்தியாரம்மா, நேத்து என் சிரிப்பை எடுக்க மறந்துட்டாங்க" என்றார், நாடகத் திடலுக்கு வந்த ராஜாங்கம்.

கமலவேணி அவரைவிட நான்கு வயது இளையவர். ஆனாலும் அவருக்கு ராஜா வேஷத்துக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தவர்.

"என்ன சிரிப்புண்ணே?"

சினிமாவில் பிணமாக நடிப்பவர், காட்சி முடிந்ததும் எழுந்து கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரிக்க வேண்டும். அபசகுனம் கழிய. அந்தச் சிரிப்பு படத்தில் வராது.

பதினெட்டு வருடம் ராஜாங்கம் மேடையில் ராஜா. மைக் இல்லாமலே கடைசி வரிசைக்குக் கேட்கும் குரல். சினிமாவுக்குப் போய் ஒன்பது வருடம். இருபத்துமூன்று படம்.

இருபத்துமூன்றிலும் பிணம். ஒரு வசனம்கூடக் கிடையாது.

"கேட்டு எடுக்கச் சொல்ல வேண்டியதுதானே?"

"வாயைத் திறந்தேன், சத்தம் வரல. வெளிச்சம் போகுதுன்னு எல்லாரும் அடுத்த இடத்துக்கு ஓடிட்டாங்க. பாடையிலயே கிடந்தேன். ஒருத்தர் வந்து மாலையை மட்டும் கழட்டிட்டுப் போனார்."

"படத்துல வராததுக்கா இவ்வளவு வருத்தம்?"

"அது ஒண்ணுதாம்மா நான் உசுரோட நடிச்சது."

ராஜாங்கம் மேடை ஓரத்தில் உட்கார்ந்தார்.

"வரும்போது பஸ்ல கண்டக்டர் எங்கிட்ட டிக்கெட்டே கேக்கல. செத்துட்டேனோன்னு பயமா இருக்கு."

"படுங்க. எப்படி நடிக்கிறீங்கன்னு பாப்போம்."

மேடைப் பலகையில் படுத்தார். மூச்சு விடுவதே தெரியவில்லை. கயிற்றோடு வந்த மாமா, தாண்ட மனமில்லாமல் சுற்றிக்கொண்டு போனாராம்.

"நல்லாத்தான் இருக்கு. இப்பச் சிரிங்க."

உதடு கோணியது. அவ்வளவுதான். கண்ணீர் காதுக்குள் இறங்கியது.

"வரலம்மா."

கமலவேணி மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்தார். அவர் பக்கத்திலேயே மல்லாந்து படுத்துக் கண்ணை மூடிக்கொண்டார்.

"வாத்தியாரம்மா?"

தோளைத் தொட்டு அசைத்தார்.

"விளையாடாதீங்கம்மா."

அசைவில்லை. ராஜாங்கம் அவர் மூக்கருகே விரல் வைத்துப் பார்த்தார். ஒன்றும் தெரியவில்லை. எழுந்து உட்கார்ந்தார்.

"வாத்தியாரம்மா! எழுந்திருங்க!"

திடலின் கோடியில் நாற்காலி இறக்கிக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

கமலவேணி ஒரு கண்ணை மட்டும் திறந்தார்.

"இப்பக் கூப்பிட்டது யாருண்ணே?"

மாமா சொன்னது இதோடு முடிந்தது.

அதற்கடுத்த படத்தில் வேலை பார்த்த உதவி இயக்குநரைத் தேடிப்பிடித்து விசாரித்தேன். அதிலும் ராஜாங்கம் பிணம்தான். அன்றும் மறந்துவிட்டு எல்லோரும் கிளம்பியிருக்கிறார்கள். அவர் பாடையில் எழுந்து உட்கார்ந்து, "என் சிரிப்பை எடுத்துட்டுப் போங்கய்யா" என்றாராம்.

தெருமுனையில் வேனில் ஏறிக்கொண்டிருந்தவர்களுக்கும் கேட்டதாம்.