விரிசல் விடாத கட்டடம்

தில்லைநாயகம் அரசாங்க இன்ஜினியர். வெள்ளிக்கிழமை தவறாமல் கடலோர மடத்துக்கு வந்து ஞானாம்பாள் அம்மையாரை வணங்கிவிட்டுப் போவார். அம்மையார் அவரைவிட நாலு வயது இளையவர். ஞானத்துக்கு வயது ஏது என்று சொல்லிக்கொண்டு பத்து வருடமாகச் சீடராக இருந்தார்.

அன்று கையில் வரைபடச் சுருளோடு வந்தார்.

"போன மாசப் புயல்ல இந்தக் குப்பத்துல நான் கட்டின புயல் காப்பகம் ஒரு விரிசல்கூட விடலை அம்மா. முந்நூறு பேர் உள்ளே தங்கினாங்க. இதே வரைபடத்துல இன்னும் நாலு குப்பத்துல கட்டப் போறோம். இன்னிக்குக் கையெழுத்துப் போடணும். ஆசீர்வாதம் பண்ணுங்க."

"பூமயில்?" என்றார் அம்மையார்.

தில்லைநாயகத்தின் முகம் சுண்டிப்போனது.

"அவ ஒருத்திதான் கதவைத் திறந்துக்கிட்டு வெளியே போனா. சவுக்கு மரம் மேலே விழுந்துடுச்சு. உள்ளேயே இருந்திருந்தா பிழைச்சிருப்பா. ஊரே என்னைத் திட்டுது. அது என் தப்பாம்மா?"

"ஏன் வெளியே போனா?"

"கழிப்பறை தள்ளி இருக்கு. நாற்பதடி."

"உள்ளே வேணும்னு யாரும் கேட்கலையா?"

"அவளேதான் கேட்டா. பூமி பூஜை அன்னிக்கு, ஊர்க்கூட்டத்துல எழுந்து நின்னு. புயலே ஒரு நாள்தான், ஒரு நாள் அடக்கிக்க முடியாதாம்மான்னேன். எல்லாரும் சிரிச்சாங்க. அதோட நானும் மறந்துட்டேன்."

அம்மையார் எழுந்தார். "வாங்க, காப்பகத்துலேயே வெச்சு ஆசீர்வாதம் பண்றேன்."

அங்கே அவரை வரைபடச் சுருளோடு உட்காரவைத்து ஒரு செம்பு மோர் கொடுத்தார். அம்மையார் கையால் கொடுப்பது பிரசாதம், மறுக்க முடியாது. பிறகு இன்னொரு செம்பு. மூன்றாவதையும் அவர் குடித்து முடித்ததும், "தியானம் பண்ணுங்க" என்று சொல்லி, வெளியே போய்த் தாழிட்டார்.

முதல் மணி நேரம் சிவசிவா என்று போயிற்று. இரண்டாவதில் சிவன் மறந்துபோனார். தில்லைநாயகம் சுற்றிலும் பார்த்தார். அவரே கணக்குப் போட்டு எழுப்பிய சுவர்கள். ஒதுங்க ஒரு மூலை கிடையாது. கொஞ்ச நேரம் உலாத்தினார். பிறகு பொறுக்க முடியாமல் கதவை ஓங்கித் தட்டினார்.

கதவு உடனே திறந்தது. வாசலில் குப்பத்துப் பெண்கள் நாற்பது பேருக்குமேல் உட்கார்ந்திருந்தார்கள்.

"என்ன வேணும்?" என்றார் அம்மையார்.

"கொஞ்சம்... வெளியே போகணும்."

"எதுக்கு?"

அவர் அந்தப் பெண்களைப் பார்த்தார். ஆனால் வயிறு காத்திருக்கவில்லை. சொன்னார்.

ஒருத்திகூடச் சிரிக்கவில்லை. பூமயிலின் மாமியார் எழுந்து, ஒரு வாளித் தண்ணீரை அவர் கையில் கொடுத்து, போகும் வழியைக் காட்டினாள்.

திரும்பி வந்தவரால் தலை நிமிர முடியவில்லை. வரைபடச் சுருள் கிடந்த இடத்திலேயே கிடந்தது.

"இத்தனை பேர் முன்னால என்னை வாய்விட்டுக் கேட்க வெச்சுட்டீங்களேம்மா."

அம்மையார் வாளியை வாங்கி ஓரமாக வைத்தார்.

"அவளும் இத்தனை பேர் முன்னாலதான் கேட்டா."