செங்கமலம் சொல்லாத பேரு

ஒரு ஊர்ல ஒரு செங்கமலம் இருந்தாளாம். எந்த ஊரு? நம்ம காரைக்கால்னே வச்சுக்கோ. கல்யாணமான கையோட அவ வீட்டுக்காரரு பிளேன் ஏறி பிரான்சுக்குப் போயிட்டாரு. அங்க ஓட்டல்ல சமையல். போன்ல இவ "சாப்பிட்டீங்களா?"ம்பா. அவரு "நீ வந்து போடு"ம்பாரு. ம் கொட்டுடி.

"ம்."

அவரோட போய் இருக்கணும்னா பிரெஞ்சு பேசிக் காட்டணும்னுட்டாங்க விசா ஆபீசுல. இவளுக்கு ஒரு எழுத்து தெரியாது. அப்போ பிரெஞ்சு சொல்லித்தர்ற ரொசாலி டீச்சர்கிட்ட போனா. "மொதல்ல 'ர'வைத் தொண்டையில உருட்டு"ன்னாங்க டீச்சர். க்ர்ர்ர்... க்ர்ர்ர்... மாமியார் ஓடி வந்து, "மீன் முள்ளா? வெறும் சோத்தை உருட்டி முழுங்கு!"ன்னாங்க.

அப்புறம் வணக்கம் சொல்லிப் பழகணும். மீன்காரம்மாவைப் பார்த்து "போன்ழூர்!"னா. "வாங்கறதுன்னா வாங்கு, திட்டாத"ன்னுச்சு அந்தம்மா.

மூணாவது, பரிட்சை. ஒரு பிரெஞ்சுக்காரம்மா உக்காந்திருந்தாங்க. உன் பேரு என்னன்னாங்க. டக்குனு சொல்லிட்டா. வீட்டுக்காரரு பேரு?

அவ்வளவுதான், வாய் ஒட்டிக்கிச்சு. அவ என்னிக்கு அவரு பேரைச் சொல்லியிருக்கா? "என்னங்க", "அவங்க", அதோட சரி. ரேஷன் கடையில கேட்டாக்கூட பக்கத்துல நிக்கிறவங்கதான் சொல்வாங்க. இங்க பக்கத்துல யாரு?

"நீ அப்பா பேரைச் சொல்லுவியாம்மா?"

"அடி வாங்குவ. கதையைக் கேளு."

மறுபடி கேட்டாங்க. இவ தாலியை எடுத்துக் காட்டினா. "அழகா இருக்கு. பேரு?"ன்னாங்க. இவ தலையைக் குனிஞ்சா. சரி, நீ போகலாம்னு அந்தம்மா பேனாவை மூடிட்டாங்க. டக்!

அப்போ அவ நெனச்சா. இப்ப வாயைத் திறக்கலேன்னா இன்னும் எத்தன வருஷம் போனைக் கட்டிக்கிட்டு அழறது? கண்ணை இறுக்க மூடிக்கிட்டு, "மோன் மாரி சப்பெல் தெய்வநாயகம்!"னு கத்திட்டா. என் வீட்டுக்காரரு பேரு தெய்வநாயகம்னு அர்த்தம். சொன்னதும் அவரே எதிர்ல வந்து நிக்கிற மாதிரி இருந்துச்சாம். யாரும் கேக்காமலே இன்னொரு தடவை சொன்னா, மெதுவா. "தெய்வநாயகம்."

பாஸ்!

அப்புறம் ட்ரிங் ட்ரிங். "என்ன கேட்டாங்க?"ன்னாரு.

"உங்க பேரை."

"சொல்லிட்டியா! எங்க, எனக்கும் ஒரு தடவை சொல்லேன்."

"ம்ஹூம். அங்க வந்து, பக்கத்துல உக்காந்து சொல்றேன்."

கதை பிளேன் ஏறிப் போயிடுச்சு கண்ணு, நீ கண்ணை மூடு.