இடது பக்கத்து மலை

“யாரை நம்பி என்னை முழுசா ஒப்படைக்கிறது? எட்டு வருஷமா கேட்டுக்கிட்டு இருக்கேன். இன்னும் பிடிபடலம்மா.”

கேட்டவர் ஆவுடையப்பன். ஓய்வுபெற்ற தாசில்தார், வயது அறுபத்துநான்கு. பதில் சொல்ல வேண்டியவர் வடிவம்மா. அவருக்கு நாற்பதுகூட ஆகவில்லை.

மலையைத் தாண்டி அந்தப் பக்கம் இறங்கினால் ஓடைக்கரையில் வடிவம்மாவின் குடில். வருகிறவர்களுக்குக் கஞ்சி உண்டு. கேட்டால் பதிலும் உண்டு, ஆனால் அது பெரும்பாலும் வாயிலிருந்து வராது. மகள் வயதுக்காரியிடம் போய்த் தாசில்தார் கைகட்டி நிற்கிறாரே என்று ஊரில் கேலி செய்தார்கள். அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மனுஷரை அந்த மட்டுக்கு மெச்சத்தான் வேண்டும்.

வடிவம்மா அவருடைய வேட்டியைப் பார்த்தார். முழங்கால் வரைக்கும் செம்மண்.

“நடந்தா வந்தீங்க?”

கேட்டதுதான் தாமதம், ஆவுடையப்பன் தன் கேள்வியை மறந்துவிட்டார்.

“பஸ்லதான் வந்தேன். பாதி மலையில உயிர் போய் உயிர் வந்துச்சு. பிரேக் பிடிக்கல. அந்த டிரைவர் பண்ணின கூத்துல அம்பது பேரும் போயிருக்கணும். ஏதோ ஆண்டவன் புண்ணியம், பிழைச்சோம்.”

மடியிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினார். புகார் மனு. முப்பது வருஷம் மனு வாங்கிய கைக்கு எழுதத் தெரியாதா என்ன? ரோட்டோரக் கல்லில் உட்கார்ந்தே எழுதி, இருபத்திரண்டு பயணிகளிடம் கையெழுத்தும் வாங்கியிருந்தார்.

“கலெக்டர் ஆபீஸ் வரைக்கும் நானே கொண்டுபோறேன். அந்த ஆள் இனிமே ஸ்டியரிங்கைத் தொடக் கூடாது. நீங்களும் ஒரு கையெழுத்துப் போடுங்கம்மா. உங்க பேருக்கு ஒரு மரியாதை இருக்கு.”

வடிவம்மா படித்தார். திரும்பவும் படித்தார்.

“ஒரு வளைவு முன்னாலேயே நிறுத்தியிருக்கலாம்னு எழுதியிருக்கீங்க.”

“ஆமா. ஏழாவது வளைவு தாண்டினதும் இடது பக்கம் மலை. பாறையில வண்டியைச் சாத்தி உரசினா நின்னிருக்கும். கண்டக்டர் தொண்டை கிழியக் கத்துறார், ‘இடது பக்கம் சாத்துங்கண்ணே, சாத்துங்க’ன்னு. அந்தச் சத்தத்துலதான் நானே முழிச்சேன். இவர் காதுல வாங்கினாத்தானே? பிரேக் இல்லாத வண்டியை அடுத்த கொண்டை ஊசி வளைவுலயும் ஒடிச்சுத் திருப்புறார். பொம்பளைங்க அலறுறாங்க. எனக்கு ஈரக்குலையே நடுங்கிப் போச்சு.”

“அப்புறம்?”

“வளைவு திரும்பினா மலை வலது பக்கம் வந்துருமில்ல? அதுல கொண்டுபோய்ச் சாத்தினார். நாப்பதடி தூரம் தேய்ச்சுக்கிட்டே போய் நின்னுச்சு.”

“டிரைவர் சீட்டு எந்தப் பக்கம்?”

“வலது பக்கம்தான். எல்லா பஸ்லயும் அப்படித்தானே?”

சொன்னவர் அதில் நிற்கவில்லை. அடுத்த குற்றத்துக்குத் தாவினார்.

“அதோட விட்டாரா? எல்லாரும் இறங்கிக்கிட்டு இருக்கோம், இவர் மட்டும் சீட்டை விட்டு அசையல. நான் படியிலேயே நின்னு, ‘கீழ வந்து பதில் சொல்லும்’னேன். ஸ்டியரிங்கைக் கட்டிப் பிடிச்சுக்கிட்டு, முகத்தைக்கூடத் திருப்பாம, ‘இறங்குய்யா மொதல்ல’ங்கிறார். யாரைப் பார்த்து? என்னைப் பார்த்து. என்ன திமிர் பாருங்க.”

“நீங்க இறங்கின பிறகு அவர் இறங்கினாரா?”

“எங்க இறங்கினார்? நான் ஒத்தையடிப் பாதையில கிளம்புற வரைக்கும் உள்ளேதான் இருந்தார். வெளிய வந்தா உதை விழும்னு பயம்.”

வடிவம்மா மனுவை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு எழுந்து செருப்பை மாட்டினார்.

“பஸ்ஸைப் பார்க்காம நான் எப்படிக் கையெழுத்துப் போட?”

பாதை முக்கால் மணி நேர ஏற்றம். ஆவுடையப்பன் மூச்சு வாங்க முன்னால் போனார். வழக்கு ஜெயித்தமாதிரி ஒரு உற்சாகம் அவருக்கு. வடிவம்மா பின்னால் வந்தார்.

ஆவுடையப்பன் கிளம்பும்போது மரநிழலில் உட்கார்ந்து டிரைவரை ஏசிக்கொண்டிருந்த கூட்டம் இப்போது அங்கே இல்லை. எல்லாரும் பஸ்ஸின் முன்பக்கத்தில் நின்றார்கள். நாலைந்து பேர் கடப்பாரையும் கையுமாக வியர்க்க விறுவிறுக்கத் தகரத்தை நெம்பிக்கொண்டிருந்தார்கள்.

பஸ்ஸின் வலது முன்மூலை பாறைக்குள் மடங்கிக் கிடந்தது. தகரம் எது, பாறை எது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

ஒரு பெண் ஆவுடையப்பனிடம் வந்தார். மனுவில் முதல் கையெழுத்து அவருடையதுதான்.

“ஐயா, அந்தப் பேப்பரைக் குடுங்க. என் பேரை அடிக்கணும்.”

“ஏன்? என்ன ஆச்சு?”

“அவருக்கு ரெண்டு காலும் உள்ள நசுங்கிக் கிடக்கு. நம்ம அத்தனை பேரும் நிழல்ல உட்கார்ந்து அந்த மனுஷனை ஏசிக்கிட்டு இருந்திருக்கோம்.”

ஆவுடையப்பன் பஸ்ஸின் மடங்கிய மூலையைத் திரும்பிப் பார்த்தார்.

“அவர் ஒரு வார்த்தை சொல்லலையே,” என்றார்.

“உங்ககிட்ட இறங்கச் சொன்னாரே சார்.” பதில் சொன்னவர் கண்டக்டர். அவருடைய உள்ளங்கைகள் உரிந்து போயிருந்தன. “வண்டி அப்பவும் நகரப் பார்த்துச்சு. ஸ்டியரிங்கைப் பாறைப் பக்கமா ஒடிச்சுப் பிடிச்சிருந்தார். நான் சக்கரத்துக்குக் கல்லு வைக்கிற வரைக்கும் விடல. போன் சிக்னல் தேடி மேல போயிட்டேன். திரும்பி வந்து ஏறிப் பார்த்தாத்தான் தெரியுது. கிரேனுக்கும் ஆம்புலன்ஸுக்கும் சொல்லியாச்சு.”

“நீங்கதானே இடது பக்கம் சாத்தச் சொன்னீங்க?”

“பதட்டத்துல சொல்லிட்டேன் சார். இடது பக்கப் படியில நாலு பேர் தொங்கிக்கிட்டு வந்தாங்க. நான் முன்னால ஓடிட்டேன், கவனிக்கல. அண்ணன் கண்ணாடியில பார்த்திருக்கார்.”

யாராவது தன்னை நாலு வார்த்தை திட்டினால் தேவலை என்றிருந்தது தாசில்தாருக்கு. வடிவம்மாவைப் பார்த்தார்.

வடிவம்மா மனுவை அவர் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். பஸ்ஸின் படியைக் காட்டினார்.

ஆவுடையப்பன் ஏறினார்.

டிரைவர் பேச்சிமுத்துவுக்கு ஐம்பது வயது இருக்கும். நெற்றி ஸ்டியரிங்கில் சாய்ந்திருந்தது. முகம் வெளிறிப் போயிருந்தாலும் நினைவு இருந்தது. காலடிச் சத்தம் கேட்டுக் கண்ணைத் திறந்தார். வந்தவரை அவருக்கு அடையாளம் தெரியவில்லை.

“கிரேன் வந்துட்டுதா?”

“வந்துக்கிட்டு இருக்கு. ஆம்புலன்ஸும் வருது.”

“நீங்க?”

“பஸ்ல வந்தவன்தான்.”

பேச்சிமுத்து சிரமப்பட்டு மூச்சை இழுத்துக்கொண்டார். பிறகு கேட்டார்.

“படியில நின்ன நாலு பேர் இறங்கினதைப் பார்த்துட்டேன். இன்னொருத்தரைத்தான் பார்க்கல. இடது பக்கம் மூணாவது ஜன்னல். கண்ணாடியில கை மட்டும்தான் தெரிஞ்சுது. முழுக்கைச் சட்டை. தோள் வரைக்கும் வெளிய தொங்குச்சு. நல்ல தூக்கம் போல.”

ஆவுடையப்பன் தன் இடது கையைப் பார்த்தார். சட்டைக் கை நெடுக ஜன்னல் கம்பியின் துரு.

“சாத்தியிருந்தா அந்தக் கை போயிருக்கும்,” என்றார் பேச்சிமுத்து. “அந்த ஐயா பத்திரமா இறங்கிட்டாரா?”