ஒரு வாலும் ஒரு படையும்

வரையாட்டுப் படை செய்த தப்பு ஒன்றுதான். எல்லாரும் முன்னால் போய் நின்றார்கள்.

மலை முகட்டில் ஒரு கணவாய். கிழக்குச் சரிவு வரையாடுகளுக்கு. மேற்குச் சரிவு செந்நாய்களுக்கு. நடுவிலிருந்த கணவாய் யாருக்கு? அதுதான் தகராறு. "கிழக்கே சோலை வரை எங்களுடையது" என்றன நாய்கள். "மேற்கே மொட்டைப் பாறை வரை எங்களுடையது" என்றன ஆடுகள். பாட்டன் காலத்துச் சண்டை.

ஒரு நாள் காலையில் செந்நாய்கள் மொட்டைப் பாறையில் ஏறி உட்கார்ந்துவிட்டன.

ஆட்டுத் தலைவன் வெண்முதுகனுக்கு ரத்தம் கொதித்தது.

"எல்லாரும் மேலே! கிடா, பெட்டை, கிழம், குட்டி, ஒருவர் பாக்கி இல்லாமல்! கொம்போடு கொம்பு இடிக்க எல்லையில் நில்லுங்கள். கீழே இறங்குகிறவன் துரோகி!"

நின்றன. பார்க்க அழகாகத்தான் இருந்தது. ஆனால் கணவாயில் பாறையும் காற்றும்தான் உண்டு. புல் கீழே, சரிவில். வீரத்தை மென்று தின்ன முடியுமா?

செந்நாய்த் தலைவன் செவ்வாலன் எட்டிப் பார்த்தான். சிரித்தான்.

"மொத்தப் படையும் இங்கேயே நிற்கிறதடா! நாம் எதற்குக் கஷ்டப்பட வேண்டும்? தினம் ஒருத்தன் போய்ப் பாறைக்கு மேலே வாலைத் தூக்கிக் காட்டுங்கள். மற்றவர்கள் தூங்குங்கள்."

"வால் மட்டும் போதுமா அண்ணே?"

"போதும். மீதியை அவர்களே நினைத்துக்கொள்வார்கள்."

அப்படியே நடந்தது. வால் தெரியும். "வந்துவிட்டார்கள்!" என்று வெண்முதுகன் கத்துவான். மொத்தப் படையும் குளம்பால் பாறையைத் தட்டும், கொம்பைத் தாழ்த்தும், பொழுது சாயும் வரை விறைத்து நிற்கும். மறுநாள் வேறொரு வால். ஆடுகளுக்கு விலா எலும்பு தெரிய ஆரம்பித்தது.

அந்தக் கூட்டத்தில் அசைபோடி என்று ஒரு பெட்டை. எப்போது பார்த்தாலும் வாய் அசைந்துகொண்டிருக்கும், அதனால் அந்தப் பெயர். அவளுக்குப் பிறந்து கொஞ்ச நாளே ஆன குட்டி. அது மடியை முட்டியது. பால் இல்லை. மறுபடி முட்டியது. பிறகு முட்டவும் தெம்பில்லாமல் படுத்துவிட்டது.

அசைபோடி தலைவனிடம் போனாள்.

"தலைவரே, மடி வற்றிவிட்டது. இப்படியே விட்டால் குட்டி பிழைக்காது. கீழே போய் மேய்ந்துவிட்டு வருகிறேன்."

"எல்லையில் நிற்கும்போது தீனி நினைப்பா? வாயை மூடு!"

"மூடினால் எப்படித் தின்பது?"

குட்டியை முகத்தால் தள்ளிக்கொண்டே இறங்கிவிட்டாள்.

"துரோகி! தின்னிமாடு!" என்று படை கத்தியது. கத்துவதற்கு மட்டும் தெம்பு இருந்தது.

அசைபோடி வயிறு முட்ட மேய்ந்தாள். மடி சுரந்தது. குட்டி எழுந்து நின்றது.

சரிவின் ஓரத்தில் ஒரு பள்ளம் உண்டு. அது மலையைச் சுற்றி நாய்களின் பக்கம் போகிறது. அதன் வாயில் ஈர மண். அந்த மண்ணில் நாய்த் தடம். புதுத் தடம்! அசைபோடி மூச்சு வாங்க மேலே ஓடினாள்.

"தலைவரே! பின்பக்கப் பள்ளத்தில் நாய் நடமாட்டம்! நாலு பேரையாவது அங்கே அனுப்புங்கள்!"

"கோழைக்கு எந்தப் பக்கம் பார்த்தாலும் நாய்தான் தெரியும். பகைவன் முன்னால் இருக்கிறான். அதோ பார்!"

"அது வால். மற்றது எங்கே?"

வெண்முதுகன் வாலின் பக்கமே திரும்பிக்கொண்டான். அவள் கீழே திரும்பிப் போனாள். இந்தத் தடவை பள்ளத்தின் வாயிலேயே நின்று மேய்ந்தாள்.

மறுநாள் காலை நல்ல பனிமூட்டம். மேலே வால் ஆடியது. படை மொத்தமும் அதை முறைத்தது. கீழே பள்ளம் வழியாகச் செந்நாய்க் கூட்டம் ஏறி வந்தது.

அசைபோடி சீழ்க்கை அடித்தாள். பள்ளத்தின் வாயில் பாறைகள் நெருங்கி, ஒருவர் நுழையும் இடம்தான் இருந்தது. குட்டியைப் பின்னால் தள்ளிவிட்டு அங்கே போய் நின்றாள். முதல் நாய் பாய்ந்தது. நெற்றியால் ஒரே முட்டு! பின்னால் வந்தவர்களையும் சேர்த்துக்கொண்டு அது உருண்டது.

"அண்ணே! இவள் தின்றிருக்கிறாள்!" என்று அலறியது.

"ஒருத்திதானேடா! ஏறுங்கள்!"

ஏறின. முட்டினாள். காது கிழிந்தது. நகரவில்லை.

சீழ்க்கை கேட்டுப் படை இறங்கி ஓடி வந்தது. ஓட்டமா அது? விழுவதும் எழுவதுமாக வந்தது. ஒரு நாயை முட்டக்கூட அதற்குத் தெம்பில்லை. ஆனால் செவ்வாலனுக்கு அது தெரியாதே. பனிக்குள் அவன் கண்டது கொம்புகளை மட்டும். மீதியை அவனே நினைத்துக்கொண்டான்.

"திரும்புங்கடா!"

வெண்முதுகன் அசைபோடி முன்னால் வந்து நின்றான்.

"இனி எப்படி நிற்பது? நீயே சொல்லம்மா."

அசைபோடி வாயிலிருந்ததை மென்று விழுங்கினாள்.

"கண் கூர்மையானவர்கள் நாலு பேர் கணவாய்க்கு. நெற்றி கெட்டியானவர்கள் நாலு பேர் பள்ளத்துக்கு. மற்றவர்கள் மேயுங்கள், படுங்கள். வயிறு நிறைந்தவர்கள் போய்க் காவலை மாற்றிவிடுங்கள்."

"மேலே வால் தெரிந்தால்?"

"வால் கடிக்காது. பல் தெரிந்தால் சீழ்க்கை அடியுங்கள். தின்றவன் ஓடி வருவான்."

மறுநாளும் பாறைமேல் வால் ஆடியது.

"அண்ணே, யாருமே ஓடி வரவில்லை."

"நன்றாக ஆட்டடா!"

"ஆட்டி ஆட்டி வால்தான் வலிக்கிறது அண்ணே. அங்கே ஒரு கிழம் என்னைப் பார்த்துக் கொட்டாவி விடுகிறது!"

மழைக்காலம் வந்தது. ஆடுகள் முறை வைத்து ஏறின, இறங்கின. நாய்கள் பள்ளத்தை இரண்டொரு தடவை எட்டிப் பார்த்தன. அங்கே கொழுத்த நெற்றிகள் நின்றன. ஒரு நாள் மொட்டைப் பாறை காலியாகக் கிடந்தது. இப்போது அதன்மேல் அசைபோடியின் குட்டி துள்ளுகிறது.

தகராறு தீர்ந்ததா? இல்லை. தீரும் வரை நிற்பதற்குச் சரிவில் புல் இருக்கிறது, மடியில் பால் இருக்கிறது.

எல்லாரும் முன்னால் நின்றால் எல்லை நிற்காது, பின்னால் நிறைந்த வயிறும் விழித்த கண்ணும் இருந்தால்தான் நிற்கும் என்று அந்தப் படைக்குப் புரியவைத்தவள், துரோகி என்று பெயர் வாங்கிய அசைபோடி.